பார்க்குக்குப் பாக்க வந்த ஆக்கள்

வெளிறிப்போன ரீசேட்டும் முழங்கால் தொங்கிப்போன ட்ராக் சூட்டுமாக, தலைமயிரை ஒரு கிளிப்பில் அள்ளிச் செருகிக்கொண்டு தனுஷிகா ஸ்கூட்டியை விட்டு இறங்கியதைக் கண்டதும் கோணாமலைக்கு நெஞ்சு பகீரென்றது.

"இதென்ன உடுப்பு பிள்ளை?"

"ஏன், நடக்கத்தானே வரச் சொன்னனீங்கள்?"

அதற்கு மேல் வாய் திறக்க அவருக்கு ஏலாது. 'பின்னேரத்தில பார்க் பக்கம் ஒருக்கா நடந்திட்டு வருவம்' என்று கதையளந்து அவளை வரவழைத்ததே அவர்தான். அவரோ காலையில் தனுஷிகா இஸ்திரிப் பெட்டியால் மினுக்கித் தந்த வெள்ளைச் சேட்டில், கலியாண வீட்டுக்குப் போகிறவர் மாதிரி நின்றார்.

விசயம் இதுதான். மகளுக்கு ஒரு இடம் பார்த்துத் தரும்படி, தங்கள் ஒழுங்கையில் நாலு வீடு தள்ளி இருக்கும் புஸ்பராணி ரீச்சரிடம் கோணாமலை பல மாதங்களாகச் சொல்லி வைத்திருந்தார். தனுஷிகாவோ கலியாணப் பேச்சை எடுத்தால் 'தேத்தண்ணி போடட்டோ அப்பா?' என்று கேட்டுக்கொண்டு குசினிக்குள் போய்விடுவாள். அவளுக்குத் தேத்தண்ணி போடுகிற சோலி வந்த அளவுக்குச் சம்பந்தம் ஒன்றும் வரவில்லை.

போன வெள்ளிக்கிழமை புஸ்பராணி ரீச்சர் தொலைபேசியில் வந்தா.

"கோணாமலையண்ணை, ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் துறைமுகக் கரைப் பார்க்குக்கு வாங்கோ. சாம்பல்தீவில இருந்து ஆக்கள் பாக்க வருகினம். ஆள் அரசாங்க உத்தியோகம், நல்ல அமைதி, சொந்த வீடு. வீட்டை வந்து பலகாரம் திண்டு பாக்கிற வேலையெல்லாம் அவைக்குப் பிடிக்காது. தற்செயலாச் சந்திச்ச மாதிரிச் சந்திச்சு, ரெண்டு கதை கதைச்சுப்போட்டுப் போவினம். தனுஷிகாவும் வரட்டும். நல்ல சேட்டாப் போட்டுக்கொண்டு வாங்கோ, என்ன?"

கோணாமலை மேற்கொண்டு ஏதோ கேட்க வாயெடுத்தார். "குக்கர் கூப்பிடுது அண்ணை" என்று ரீச்சர் தொலைபேசியை வைத்துவிட்டா.

கேட்கத்தான் என்ன இருந்தது? கோணாமலை துறைமுகத்தில் களஞ்சியப் பொறுப்பாளர். வந்து இறங்குகிற பெட்டியைத் திறக்காமலே, தூக்கிப் பார்த்து உள்ளே என்ன இருக்கிறதென்று சொல்லிவிடுவார் என்று அங்கே அவருக்கு ஒரு பேர் இருந்தது. அந்தப் பேரைப் பரப்பி வந்தவரும் அவர்தான்.

தனுஷிகா மறுபேச்சில்லாமல் பார்க்குக்கு வரச் சம்மதித்ததில் தன் சாமர்த்தியத்தை மெச்சிக்கொண்டு, இடம் பிடிக்க முன்னாலேயே வந்திருந்தார். இப்போது சாமான் வந்து சேர்ந்துவிட்டது. ஆனால் உறைதான் படுமோசம்.

உடுப்பை மாற்ற முடியாது. தலையையாவது சரிப்படுத்தலாம் என்று வாசலில் பூ விற்ற பெண்ணிடம் மல்லிகைச் சரம் ஒன்று வாங்கினார்.

"இந்தா பிள்ளை, தலையில வை."

"பூவோ? ட்ராக் சூட்டுக்கோ?"

"வச்சுக்கொண்டு நட. வாசமா இருக்கும்."

தனுஷிகா அவரை ஒரு மாதிரிப் பார்த்துவிட்டுச் சரத்தைக் கையில் தொங்கவிட்டபடி நடந்தாள். கோட்டைப் பக்கத்திலிருந்து இறங்கி வரும் மான்கள் இரண்டு மூன்று அன்றைக்கும் புல்லுக்குள் நின்றன. கச்சான் கடலைக் கோதும் கடதாசியும் தின்று வளர்ந்த பட்டணத்து மான்கள். மனிதருக்குப் பயப்படுவதை மறந்து வெகுகாலம். அதில் ஒன்று பின்னால் வந்து, எட்டி, சரத்தின் தொங்கலைக் கவ்வியது.

"எடேய்! விடு!"

கோணாமலை பாய்ந்து மற்ற நுனியைப் பிடித்தார். மான் இழுத்தது. அவரும் இழுத்தார். நடக்க வந்தவர்கள் நின்றார்கள். கடலைப் பார்த்துக்கொண்டு குடைக்குள் இருந்த ஒரு சோடியும் குடையை விலக்கிப் பார்த்தது. மானைப் பிழை சொல்ல ஏலாது, நூல்தான் அறுந்தது. கோணாமலை பின்பக்கமாகப் போய்த் தண்ணீர்க் குழாயடிச் சேற்றில் குந்தி இருந்தார். மான் அந்த இடத்திலேயே நின்று பூவைத் தின்று முடித்துவிட்டு, இன்னும் இருக்கிறதா என்பதுபோல் அவரைப் பார்த்தது.

"ஐயோ அப்பா! இண்டைக்கெண்டு பாத்தோ!"

தனுஷிகா ஓடிவந்து அவரைத் தூக்கினாள். குழாயைத் திறந்து தன் கைலேஞ்சியை நனைத்து நனைத்து அவருடைய காற்சட்டையைத் துடைத்தாள். அவள் இவ்வளவு பதறுவாள் என்று அவர் நினைக்கவில்லை. சேறு போனது. ஆனால் குழாய்த் தண்ணீர் முன்பக்கமெல்லாம் தெறித்து, அந்த வயதில் ஒரு மனிதருக்கு நனையக்கூடாத இடம் நன்றாக நனைந்திருந்தது.

"உது காயுமட்டும் இதை முன்னால பிடியுங்கோ" என்று தன் கைப்பையைக் கொடுத்தாள். ரோசா நிறப் பை. அதில் ஒரு பூனை கண்ணடித்துக்கொண்டிருந்தது.

பையை வயிற்றுக்குக் கீழே இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு கோணாமலை நிமிர்ந்தபோது, எதிரே நீலச் சேலை கட்டிய ஒரு பெண்மணியும் கண்ணாடி போட்ட ஒரு மனிதரும் நின்றுகொண்டிருந்தார்கள். எவ்வளவு நேரமாக நின்றார்கள் என்பது கடவுளுக்கும் மானுக்கும்தான் தெரியும்.

"கோணாமலை எண்டது...?" என்றார் கண்ணாடிக்காரர்.

"ஓமோம், நான்தான்."

"நான் குணநாயகம். சாம்பல்தீவு. இவ என்ர அக்கா, தவமலர்."

தாயும் தாய்மாமனும் என்று கோணாமலை உடனே கணித்துக்கொண்டார். பெடியனைக் காணவில்லை. பின்னால் வருவானாக்கும்.

தவமலர் கும்பிட்டா. கோணாமலையும் கும்பிடக் கையெடுத்து, பை விலகப்போகிறதென்று கண்டு, கையை இறக்கித் தலையை மட்டும் ஆட்டினார்.

"வணக்கம் அன்ரி, வணக்கம் அங்கிள்" என்று தனுஷிகா வாயெல்லாம் பல்லாகச் சொன்னாள். கோணாமலைக்குப் பூரிப்பாக இருந்தது. அந்தப் பூரிப்பு அடங்க முன்னமே அவள், "நீங்கள் ஆறுதலா இருந்து கதையுங்கோ அப்பா. நான் ரெண்டு சுத்து நடந்திட்டு வாறன்" என்று திரும்பினாள்.

"பிள்ளை, நில்லம்மா..."

நிற்கவில்லை. ஊஞ்சல்களையும் தாண்டி ட்ராக் சூட் போய்விட்டது. பார்க்க வந்தவர்கள் வந்திருக்க, சாமான் களஞ்சியத்தை விட்டு ஓடிவிட்டது. இனிச் சாமானைப் பற்றி வாயால் சொல்லித்தான் ஒப்பேற்ற வேண்டும்.

மூவரும் கடலைப் பார்த்துக் கிடந்த நீள வாங்கில் அமர்ந்தார்கள். குணநாயகம் ஒரு ஓரத்துக்குப் போனார். கோணாமலை நடுவில். எதிரே துறைமுகத் தண்ணீரில் ஒரு கப்பல் அசையாமல் நின்றது. ஐஸ்கிறீம் வான் தன் பாட்டை நிறுத்தாமல் பாடிக்கொண்டு சுற்றியது.

"சுகமெல்லாம் எப்பிடி?" என்று தவமலர் மெதுவாகக் கேட்டா. "சீனி, பிறஷர் ஏதும்...?"

பரம்பரை வருத்தம் இருக்கிறதா என்று பார்க்கிறார்கள். கெட்டிக்காரச் சனம்.

"எங்கட பரம்பரையிலேயே ஒருத்தருக்கும் இல்லை. தனுஷிகாவுக்குத் தடிமன் காய்ச்சல் பிடிக்கிறதே அருமை."

"குறட்டை?" என்றார் குணநாயகம்.

குறட்டையும் பரம்பரையாக வருமோ என்று கோணாமலை ஒரு கணம் யோசித்தார். எதற்கும் மகளை இதிலிருந்து வெட்டி விட்டுவிட வேண்டும்.

"நான் விடுவன். நல்லா விடுவன். அடுத்த வீட்டு றொபேட் என்ர குறட்டைக்குத்தான் ஜன்னலைச் சாத்திறவர். ஆனா பிள்ளை விடாது. படுத்தாப் படுத்த மாதிரி."

அக்காவும் தம்பியும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். கோணாமலைக்கு அந்தப் பார்வை பிடிக்கவில்லை.

"சமையல் ஆர் செய்யிறது?" என்று தவமலர் கேட்டா.

உண்மையில் சமையல் கோணாமலைதான். மனைவி தவறிய பிறகு பிடித்த அகப்பையை அவர் இன்னும் விடவில்லை. அவருடைய சூடை மீன் தீயலுக்கு அந்த ஒழுங்கையில் ஒரு மரியாதை இருந்தது. ஆனால் பெண் பார்க்க வந்த இடத்தில் அதைச் சொல்வாரோ?

"எல்லாம் தனுஷிகாதான்! அவள் கை வச்சா..."

"உங்களுக்குச் சமைக்கத் தெரியாதோ?"

"எனக்கோ? சுடுதண்ணி வைக்கவும் தெரியாது! தேத்தண்ணிக் கோப்பை எந்தப் பக்கம் இருக்கெண்டும் தெரியாது!"

தவமலரின் முகம் விழுந்தது. "அப்பிடியோ? உங்கட தீயலைப் பற்றி ரீச்சர் பெரிசாச் சொன்னவ."

"அது... அதும் பிள்ளை வைக்கிறதுதான். பேர் எனக்கு."

ஐஸ்கிறீம் வான் இன்னொரு சுற்றுப் பாடிக்கொண்டு போனது. பிறகு தவமலர் கடலைப் பார்த்துக்கொண்டே சொன்னா:

"கந்தோரில வேலை முடிஞ்சு வந்து கதவைத் திறக்கேக்க உள்ளுக்க ஒரு சத்தமும் இல்லாட்டி ஒரு மாதிரித்தான் இருக்கு. என்ன?"

மகன் வெளியூரில் வேலையாக்கும், பாவம் என்று கோணாமலை நினைத்தார். ஆனால் அந்தக் கேள்விக்கு விற்பனைப் பேச்சு வாயில் வரவில்லை. அவரை அறியாமலே உண்மை வந்தது.

"நான் ரேடியோவைப் பாட விட்டிட்டுத்தான் வேலைக்குப் போறனான். பிள்ளை கந்தோரால வரப் பிந்தும். கதவைத் திறக்கேக்க ஆரோ உள்ளுக்க இருந்து கதைக்கிற மாதிரி இருக்கும்."

தவமலர் திரும்பி அவரை முதன்முதலாக நேராகப் பார்த்தா. "நானும் அதைத்தான் செய்யிறனான்" என்று சிரித்தா. "ஒருநாள் செய்தி வாசிக்கிற பெடியனுக்கு மறுமொழியும் சொல்லிப்போட்டன்."

"நான் சண்டையே பிடிச்சிருக்கிறன்!"

இருவரும் சிரித்தார்கள். குணநாயகம் எழும்பி, இறால் வடை வண்டியை வேடிக்கை பார்க்கிறமாதிரி நாலடி தள்ளிப் போனார். வலைப்படகு ஒன்று இரைந்துகொண்டு போனது. எந்தெந்த அறிவிப்பாளர் நல்லவர், எவர் தொணதொணவென்று கதைக்கிறவர் என்று இருவரும் கொஞ்ச நேரம் வழக்காடினார்கள். பை மடியில் சாய்ந்து கிடந்ததையும் கோணாமலை மறந்துபோனார். இப்படிச் சிரித்துக் கதைத்து எவ்வளவு காலம் என்று அவருக்குத் தோன்றியது. தோன்றியதுமே திடுக்கிட்டார். வந்த வேலையென்ன, செய்கிற வேலையென்ன? சம்பந்தி ஆகப்போகிறவவோடு பல்லைக் காட்டிக்கொண்டிருந்தால், இந்த மனிசன் நாளைக்கு மகள் வீடே கதியென்று வந்து கிடக்கப்போகுது என்றல்லவா நினைப்பார்கள்! சமைக்கவும் தெரியாதென்று வேறு சொல்லியாயிற்று. அதுதான் அப்போது முகம் விழுந்தது. இப்போதல்லவா பிடிபடுகிறது!

கோணாமலை நிமிர்ந்து இருந்து, தொண்டையைச் செருமி, குணநாயகத்துக்கும் கேட்கிற மாதிரிச் சொன்னார்:

"ஒரு விசயத்தை இப்பவே தெளிவாச் சொல்லிப்போடுறன். கலியாணம் முடிஞ்சா நான் ஒருத்தருக்கும் பாரமா இருக்க மாட்டன். அடுத்த நாளே வெளிக்கிட்டுக் கதிர்காமம் போயிடுவன்."

தவமலரின் சிரிப்பு அப்படியே நின்றது. "அடுத்த நாளேயோ?"

"அடுத்த நாள் விடியக்காத்தால! முதல் பஸ்ஸில!"

"எப்ப திரும்பி வருவியள்?"

"வரவே மாட்டன். ஒரு மடத்தில கிடந்திடுவன். என்ர முகத்தில ஒருத்தரும் முழிக்கத் தேவையில்லை. அதைப் பற்றி நீங்கள் யோசிக்கவே வேண்டாம்!"

குணநாயகம் அவசரமாகத் திரும்பி வந்து அக்காவின் தோளைத் தொட்டார். "அக்கா, இருளுது. வெளிக்கிடுவம்."

தவமலர் ஒன்றும் சொல்லாமல் சேலைத் தலைப்பைச் சரி செய்துகொண்டு எழும்பினா. முகத்தில் கோபமில்லை. இருந்தால்கூடப் பரவாயில்லை என்று கோணாமலைக்குப் பட்டது. எங்கே பிழை வந்தது? இவ்வளவு பெரிய வாக்குறுதியை எந்தப் பெண்ணின் தகப்பன் கொடுப்பான்?

இனி ஒரே ஒரு வழிதான். பெரியவர்கள் எப்படியும் போகட்டும், பெடியனைப் பிடித்துவிட வேண்டும்.

"கொஞ்சம் பொறுங்கோ. இன்னும் ஒராள் வந்திருக்க வேணுமே?" என்று நயமாகக் கேட்டார்.

"ஓ, றிக்சனோ?" என்றார் குணநாயகம். "ஓட்டோவுக்கை இருக்கிறார். எங்களோட வந்து இரும் எண்டு கேட்டனாங்கள், வெக்கத்தில மாட்டன் எண்டிட்டார்."

றிக்சன். வேதக்காரப் பேராக இருக்கிறதே என்று கோணாமலை ஒரு கணம் தடுமாறினார். கலப்புக் குடும்பமாக்கும். அதனாலென்ன, இந்தக் காலத்தில் இதெல்லாம் பார்க்க ஏலுமோ? பூசையும் பார்க்கலாம், பொங்கலும் பொங்கலாம். தன் பரந்த மனத்தை எண்ணித் தானே நெகிழ்ந்தபடி, வடை வண்டியில் நின்ற முனாஸிடம் சூடான இறால் வடை ஒரு தட்டு நிறைய வாங்கிக்கொண்டு றோட்டுக்கு ஓடினார்.

ஓட்டோவுக்குள் ஒரு இளைஞன் கால் நீட்டி இருந்தான். சிவந்த முகம், ஒழுங்காக வாரிய தலை. கோணாமலைக்குப் பார்த்ததும் பிடித்துவிட்டது.

"தம்பி, சாப்பிடுங்கோ."

"எனக்கோ ஐயா? வேண்டாமே..."

"உங்களுக்கில்லாமல்? பிடியுங்கோ. என்ன வேலை செய்யிறீங்கள் எண்டு கேக்கலாமோ?"

"ஓட்டோ ஓடுறன் ஐயா."

கோணாமலை கண்ணைச் சிமிட்டினார். "ரீச்சர் எல்லாம் சொன்னவ தம்பி. எனக்கு ஒளிக்காதேங்கோ."

"உண்மையா ஓட்டோதான் ஐயா."

அரசாங்க உத்தியோகத்தை வைத்துக்கொண்டு இவ்வளவு அடக்கம்! கோணாமலைக்குக் கண் கலங்கியது. "குடி, சிகரெட்?"

"இல்லை ஐயா."

"என்ர மகளைக் கண்டனீங்களோ? அந்தா, ட்ராக் சூட்டோட வாறது. உடுப்பைப் பாக்காதேங்கோ, பிள்ளை தங்கம்."

"நல்ல பிள்ளை மாதிரித்தான் தெரியுது ஐயா" என்று றிக்சன் வடையைக் கடித்துக்கொண்டு மரியாதைக்குச் சொன்னான்.

அவ்வளவு போதும். கோணாமலை அவன் கையைப் பிடிக்கப் போனார். அந்த நேரம் பார்த்து அவனுடைய போன் அடித்தது. வடைக் கையோடு ஸ்பீக்கரைத் தட்டினான்.

"அப்பா, எப்ப வருவீங்கள்?" என்றது ஒரு மழலைக் குரல். "தம்பி என்ர பென்சிலை முறிச்சுப்போட்டான்."

"இந்தா வந்திட்டன் குஞ்சு. அம்மாட்டைக் குடுங்கோ..."

கோணாமலை இரண்டடி பின்னால் போனார். மூளைக்குள் ஒரு கப்பல் ஹோன் அடித்த மாதிரி இருந்தது. பிள்ளை. இன்னொரு பிள்ளை. அதற்கு மேல் அம்மா!

"அட பாவியளே!"

அந்தச் சத்தத்தில் ஐஸ்கிறீம் வான்காரன் பாட்டை நிறுத்தினான். வாசலடிக்கு வந்துகொண்டிருந்த தவமலரும் குணநாயகமும் நின்றுவிட்டார்கள். தனுஷிகா ஓடிவந்தாள்.

"என்னப்பா? என்ன நடந்தது?"

"நீ பேசாமல் நில் பிள்ளை! உன்னை நடக்கவெண்டு பொய் சொல்லிக் கூட்டி வந்தது என்ர பிழை. அதுக்கு மன்னிப்புப் பிறகு கேக்கிறன்." கோணாமலை ரோசாப் பையை வாள் மாதிரி ஓங்கினார். "மிஸ்டர் குணநாயகம்! உங்களைப் பாத்தா நல்ல மனிசர் மாதிரி இருக்கு. உங்கட அக்காவைப் பாத்தா அதைவிட நல்லவ மாதிரி இருக்கு. அப்பிடியிருக்க, பெஞ்சாதியும் ரெண்டு பிள்ளையளும் உள்ள ஒருத்தனை ஓட்டோவுக்குள்ள ஒளிச்சு வச்சுக்கொண்டு, என்ர பிள்ளையைப் பாக்க வர உங்களுக்கு எப்பிடி மனம் வந்தது?"

"ஆரை ஒளிச்சு வச்சது?" என்றார் குணநாயகம்.

"இந்தா, என்ர வடையைத் திண்டுகொண்டு இருக்கிறாரே மாப்பிள்ளை, இவரைத்தான்!"

தனுஷிகா இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டு, "ஐயோ, ரீச்சர் அப்பாட்டை வடிவாச் சொல்லேல்லையோ?" என்று முனகினாள். தவமலர் முதலில் விழித்தா. பிறகு சேலைத் தலைப்பை வாயில் வைத்துக்கொண்டு மறுபக்கம் திரும்பினா. தோள் குலுங்கியது. அழுகையோ சிரிப்போ என்று கோணாமலைக்குத் தெரியவில்லை.

றிக்சன் மிச்ச வடையைத் தட்டில் வைத்து, அந்தத் தட்டைப் பவ்வியமாக அவரிடமே நீட்டினான்.

"ஐயா, சாம்பல்தீவில இருந்து வழிநெடுக இவை கதைச்சுக்கொண்டு வந்ததைக் கேட்டனான். நான் சும்மா ஹயருக்கு வந்தனான். இந்த அக்கா பாக்க வந்த மாப்பிள்ளை நீங்கள்தான்."